டிவியில் ஓடாத வீடியோ, படிக்க முடியாத சப்டைட்டில்: எது வந்தால் எதைப் பார்ப்பது

"இதைக் கொஞ்சம் கன்வெர்ட் பண்ணிக் குடுங்கண்ணா" என்றுதான் பென் டிரைவை நீட்டுவார்கள். சாலிகிராமம், வடபழனி பக்கம் எடிட்டிங், சப்டைட்டில் வேலை செய்கிற யாருக்கும் இது பழகிப்போன வசனம். மயிலாப்பூரில் ஒரு தாத்தாவின் அறுபதாம் கல்யாண வீடியோவாக இருக்கலாம், கொரட்டூரில் ஒரு கல்லூரிப் பையனின் குறும்படமாக இருக்கலாம், கோரிக்கை மட்டும் மாறாது. ஆனால் வருகிற கோப்புகளில் பெரும்பாலானவற்றுக்கு கன்வெர்ட் தேவையே இல்லை. பெயரைச் சரிசெய்தால் சில ஓடிவிடும். சிலவற்றுக்கு ஆடியோவை மட்டும் மாற்றினால் போதும். சப்டைட்டில் தகராறுகளில் பாதி, கோப்பை வேறு குறியீட்டில் சேமித்ததுமே தீர்ந்துவிடும். முழு கன்வெர்ட் என்றால் நேரம் போகும், படத்தின் தரமும் கொஞ்சம் போகும், போன தரம் திரும்ப வராது. அதனால் அதைக் கடைசியில் வைத்திருக்கிறேன்.

கைவைப்பதற்கு முன்

மூலக் கோப்பை வேறு இடத்தில் ஒரு நகல் எடுத்து வையுங்கள். அப்புறம் மீடியாஇன்ஃபோ என்ற இலவச மென்பொருளை நிறுவி, தகராறு செய்யும் கோப்பை அதில் இழுத்துப் போடுங்கள்.

வீடியோ கோப்பு ஒரு டிபன் கேரியர் மாதிரி. எம்பி4, எம்கேவி, ஏவிஐ, எம்ஓவி எல்லாம் கேரியரின் பெயர்கள். உள்ளே ஒரு அடுக்கில் படம், ஒன்றில் ஒலி, சிலதில் சப்டைட்டில். டிவி பெரும்பாலும் கேரியரைப் பார்த்து முகம் சுளிப்பதில்லை, உள்ளே இருப்பதுதான் அதற்கு ஒத்துக்கொள்வதில்லை. மீடியாஇன்ஃபோவில் பார்க்க வேண்டியது நான்கு விஷயம்: வீடியோவின் ஃபார்மட் என்ன, பிட் டெப்த் 8-ஆ 10-ஆ, ஃபிரேம் ரேட் (நொடிக்கு எத்தனை படம் என்பது) கான்ஸ்டன்டா வேரியபிளா, ஆடியோவின் ஃபார்மட் என்ன. இதைக் குறித்துக்கொண்டால் கீழே உள்ளதில் எது உங்கள் வழக்கு என்று உடனே தெரியும்.

"பென் டிரைவில் காப்பியே ஆகவில்லை, பெரிய கோப்பு என்கிறது"

டிரைவில் இடம் இருக்கிறதே என்று குழம்ப வேண்டாம். பென் டிரைவ் ஃபேட்32 முறையில் ஃபார்மட் ஆகியிருக்கிறது. அதில் ஒரு கோப்பு 4 ஜிபியைத் தொட முடியாது. எக்ஸ்ஃபேட்டாக ஃபார்மட் செய்தால் தீர்ந்தது, ஆனால் உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும், முன்பே எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். எக்ஸ்ஃபேட்டைப் படிக்காத பழைய டிவி என்றால் என்டிஎஃப்எஸ் முயன்று பாருங்கள். அதுவும் வேலைக்காகவில்லையென்றால் லாஸ்லெஸ்கட் என்ற மென்பொருளில் கோப்பை இரண்டாக வெட்டுங்கள். அது மறு என்கோட் செய்யாது (படத்தைப் புதிதாகச் சுருக்கி எழுதாது), நிமிடக் கணக்கில் முடியும், தரமும் அப்படியே இருக்கும்.

காப்பி ஆகிவிட்டது, பாதிப் படத்துக்கு மேல் மட்டும் நின்று போகிறது என்றால் டிரைவின் மீதே சந்தேகப்படுங்கள். கொள்ளளவைக் கூட்டிக் காட்டும் போலி டிரைவுகள் உண்டு. எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற சின்ன நிரல் டிரைவ் முழுக்க எழுதி, திரும்பப் படித்து, உண்மையை உடைத்துவிடும். மலிவாகக் கிடைத்தது என்று ஒரு டிரைவ் வாங்கினால் முதலில் இதை ஓட்டிவிட்டு அப்புறம் கல்யாண வீடியோவை ஏற்றுங்கள்.

"எம்கேவியை எம்பி4 என்று பெயர் மாற்றினேன், அப்படியும் ஓடவில்லை"

ஓடாது. கேரியரின் மேல் எழுதியதைத்தான் மாற்றியிருக்கிறீர்கள். கேரியரையே மாற்ற அவிடெமக்ஸ் என்ற மென்பொருளில் கோப்பைத் திறந்து, இடது பக்கம் வீடியோவுக்கும் ஆடியோவுக்கும் 'காப்பி' என்றே விட்டுவிட்டு, அவுட்புட் ஃபார்மட்டில் எம்பி4 மக்ஸரைத் தேர்ந்து சேமியுங்கள். ஒரு முழுப் படமே சீக்கிரம் முடிந்துவிடும், ஏனென்றால் உள்ளே எதையும் அது தொடுவதில்லை.

"சத்தம் வருகிறது, திரை கறுப்பு"

மீடியாஇன்ஃபோவில் வீடியோ ஃபார்மட் எச்இவிசி அல்லது ஏவி1 என்று இருக்கிறதா? எச்.264 வந்தது 2003-ல், எச்இவிசி எனப்படும் எச்.265 2013-ல், ஏவி1 2018-ல். உங்கள் டிவி எந்தக் காலத்தது என்று யோசித்தாலே பாதி விடை தெரிந்துவிடும். எச்.264 என்றே இருந்தும் ஓடவில்லையென்றால் பிட் டெப்த்தைப் பாருங்கள். 10 பிட் எச்.264-ஐப் பெரும்பாலான டிவிகள் ஏற்காது.

இந்த இடத்தில்தான் உண்மையிலேயே கன்வெர்ட் தேவைப்படும், கடைசிப் பகுதிக்குப் போங்கள். கணினியில் மட்டும் பார்த்தால் போதும் என்றால் விஎல்சியில் திறங்கள், வேலை முடிந்தது. ஐபோனில் இனிமேல் எடுக்கப்போகும் வீடியோவுக்கு என்றால் செட்டிங்ஸ், கேமரா, ஃபார்மட்ஸ் போய் 'மோஸ்ட் கம்பாட்டிபிள்' வைத்துவிடுங்கள், எச்.264-லேயே எடுக்கும்.

"படம் ஓடுகிறது, சத்தம் இல்லை"

ஆடியோவின் ஃபார்மட் டிடிஎஸ் ஆக இருக்கும், அல்லது டால்பி டிஜிட்டல் பிளஸ். டிடிஎஸ் உரிமம் இல்லாத டிவிகள் ஏராளம், புதிய டிவி என்பதால் ஓடும் என்று எண்ண முடியாது. வீடியோவைத் தொடாதீர்கள். அவிடெமக்ஸில் வீடியோவுக்கு 'காப்பி', ஆடியோவுக்கு மட்டும் ஏஏசி. ஹேண்ட்பிரேக் என்ற கன்வெர்ட் மென்பொருளை இதற்கு எடுக்க வேண்டாம், அது வீடியோவை எப்போதும் மறு என்கோட் செய்யும், காப்பி என்ற வசதியே அதில் கிடையாது.

"2004 கல்யாண சிடி, உள்ளே வீடியோவையே காணோம்"

நங்கநல்லூர் மாமா ஒருவர் மஞ்சள் பையில் கட்டி எடுத்து வருகிற வகை. "மூணு சிடி இருக்குப்பா, ஒண்ணுலயும் ஒண்ணும் இல்லைங்கறான்" என்பார். இருக்கிறது. விசிடியில் 'எம்பெக் ஏவி' என்ற ஃபோல்டருக்குள் 'ஏவி சீக் 01' என்ற மாதிரிப் பெயரில், டிஏடி பின்னொட்டோடு ஒரு பெரிய கோப்பு கிடக்கும். ஒரு விசிடியில் 74 முதல் 80 நிமிடம்தான் கொள்ளும், அதனால்தான் நிச்சயதார்த்தம் ஒன்றில், முகூர்த்தம் ஒன்றில், ரிசப்ஷன் ஒன்றில் என்று மூன்று. விஎல்சி இதை அப்படியே ஓட்டும். மற்ற மென்பொருளுக்கு வன்தட்டில் காப்பி செய்துகொண்டு, பின்னொட்டை எம்பிஜி என்று மாற்றினால் பெரும்பாலும் போதும். சற்று முன்புதான் பெயர் மாற்றி ஆவதில்லை என்று சொன்னேன். இங்கே ஆகும், ஏனென்றால் உள்ளே இருப்பது நிஜமாகவே எம்பெக்-1.

அளவு 352க்கு 288 புள்ளிகள்தான். அதை 4கே ஆக்கித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் சிரித்துவிட்டு வந்துவிடுங்கள்.

டிவிடி என்றால் 'வீடியோ டிஎஸ்' ஃபோல்டருக்குள் விஓபி கோப்புகள் சுமார் 1 ஜிபி அளவுத் துண்டுகளாக இருக்கும். ஒவ்வொன்றாக மாற்றி ஒட்டினால் ஒட்டுகிற இடத்தில் மேளச் சத்தம் துண்டாகும். ஹேண்ட்பிரேக்கிடம் முழு ஃபோல்டரையும் கொடுங்கள், அதுவே வரிசையாக எடுத்துக்கொள்ளும். மாற்றிய பிறகு யாராவது நடந்தால், கை அசைத்தால் ஓரத்தில் சீப்புப் பல் மாதிரி கோடுகள் தெரிகின்றனவா? நம் ஊரில் டிவி பால் முறையில் இருந்தது. நொடிக்கு 25 படம், ஒவ்வொன்றும் இரண்டு பாதியாக. ஹேண்ட்பிரேக்கின் ஃபில்டர்ஸ் பகுதியில் டீஇன்டர்லேஸை இயக்குங்கள், 'பாப்' வகையைத் தேர்ந்தால் நொடிக்கு 50 படமாக விரிந்து அசைவு வழுக்கிக்கொண்டு போகும். மாப்பிள்ளை ஒல்லியாகவோ குண்டாகவோ தெரிந்தால் அது அனமார்ஃபிக் பிரச்சினை. 720க்கு 576 என்று பதிவானதை 4க்கு 3 விகிதத்தில் காட்ட வேண்டும், டைமென்ஷன்ஸ் பகுதியில் அனமார்ஃபிக்கை 'ஆட்டோ'வில் விடுங்கள்.

வட்டு சுழன்று சுழன்று நிற்கிறது, படிக்கவில்லை என்றால் முதலில் வெளிச்சத்தில் சாய்த்துப் பாருங்கள். சென்னைக் கடற்காற்றின் ஈரத்துக்கு வட்டின் உறையிலும் விஎச்எஸ் டேப்பிலும் பூஞ்சை வரும். மென்மையான துணியால் நடுவிலிருந்து ஓரத்துக்கு நேர்கோட்டில் துடையுங்கள், வட்டமாகத் தேய்க்காதீர்கள். பூஞ்சை பிடித்த டேப்பை மட்டும் டெக்கில் போட்டுப் பார்க்கவே வேண்டாம், டெக்கின் தலையும் கெடும், அடுத்துப் போடும் டேப்பும் கெடும்.

"ரெக்கார்டிங் நடுவே கரண்ட் போச்சு, கோப்பு திறக்கவே மாட்டேன் என்கிறது"

எம்பி4 கோப்பில் எந்தப் படம் எங்கே இருக்கிறது என்ற அட்டவணை, பதிவு முடியும்போதுதான் எழுதப்படும். கரண்டோ பேட்டரியோ நடுவில் போனால் படம் எல்லாம் உள்ளே இருக்கும், அட்டவணை இருக்காது. அன்ட்ரங்க் என்ற இலவச நிரல் இதை மீட்கப் பார்க்கும். அதற்கு அதே கேமராவில், அதே செட்டிங்கில் எடுத்த நல்ல கோப்பு ஒன்று மாதிரிக்கு வேண்டும். இல்லையென்றால் இப்போதே அந்தக் கேமராவில் ஒரு நிமிடம் எடுத்துக்கொள்ளுங்கள். உடைந்த கோப்பு இருந்த மெமரி கார்டில் அல்ல, வேறு கார்டில். கணினித் திரையைப் பதிவு செய்பவர்கள் ஓபிஎஸ்ஸில் எம்கேவியாகப் பதிந்து பிறகு எம்பி4 கேரியருக்கு மாற்றினால் இந்தத் தலைவலியே வராது.

"கணினியில் வரிசையாக இருந்தது, டிவியில் 1-க்கு அடுத்து 10 வருகிறது"

விண்டோஸ் எண்ணை எண்ணாகப் பார்க்கும், பல டிவிகள் எழுத்தாகப் பார்க்கும். 01, 02 என்று முன்னால் சுழியம் போடுங்கள். நூற்றுக்கு மேல் போகுமென்றால் 001. தேதி வைப்பதானால் வருடம், மாதம், நாள்: 2004-02-11 என்ற மாதிரி. நாளை முன்னால் வைத்தால் பொங்கலும் தீபாவளியும் கலந்துவிடும். கார் ஸ்டீரியோக்கள் சில பெயரைப் பார்ப்பதே இல்லை, காப்பி செய்த வரிசையில் ஓட்டும். அதற்கு ஒவ்வொன்றாகக் காப்பி செய்வதுதான் வழி.

வாட்ஸ்அப்பில் வந்த வீடியோவின் பெயரில் உள்ள தேதியை நம்ப வேண்டாம், அது எடுத்த நாளாக இருக்க வேண்டியதில்லை, உங்கள் போனுக்கு வந்த நாள். வாட்ஸ்அப்பில் அனுப்பும்போது வீடியோவாக அனுப்பாமல் டாக்குமென்டாக அனுப்பச் சொல்லுங்கள், 2 ஜிபி வரை சுருக்காமல் போகும்.

கணினியில் உள்ள வீடியோக்களை டிவிக்கு அனுப்பும் ஜெல்லிஃபின், பிளெக்ஸ் மென்பொருள்களை வைத்திருப்பவர்களுக்கு ஒன்று. வீட்டு வீடியோக்களை 'மூவிஸ்' நூலகத்தில் போடாதீர்கள். பெயரைப் பார்த்து ஏதாவது சினிமாவோடு பொருத்தி, உங்கள் அத்தை கல்யாணத்துக்கு யாரோ ஒரு ஹீரோவின் போஸ்டரை மாட்டிவிடும். வீட்டு வீடியோவுக்கென்று தனி நூலக வகை இருக்கிறது.

"சப்டைட்டில் கோப்பு பக்கத்திலேயே இருக்கிறது, டிவி கண்டுகொள்ளவில்லை"

வீடியோவின் பெயரும் எஸ்ஆர்டி என்ற சப்டைட்டில் கோப்பின் பெயரும் பின்னொட்டு தவிர எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும். இரண்டு மொழி வைப்பதானால் பெயருக்குப் பின் ஒரு புள்ளி, தமிழுக்கு டிஏ, ஆங்கிலத்துக்கு ஈஎன், அப்புறம் எஸ்ஆர்டி. சில பழைய டிவிகள் இந்த மொழிக் குறியைப் பார்த்தால் குழம்பும், அப்போது எடுத்துவிடுங்கள்.

பெயர் ஒன்றாகத்தான் இருக்கிறது என்று சத்தியம் செய்வீர்கள். விண்டோஸ் பின்னொட்டை மறைத்து வைத்திருக்கும். நோட்பேடில் சேமித்தபோது எஸ்ஆர்டிக்குப் பின்னால் அது டிஎக்ஸ்டி என்று இன்னொரு வாலை ஒட்டியிருக்கலாம். எக்ஸ்ப்ளோரரில் வியூ, ஷோ, ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ் போய் டிக் செய்யுங்கள், வால் தெரிந்துவிடும்.

தமிழில் பெயர் வைத்திருந்தால் இன்னொரு கண்ணிவெடி உண்டு. 'கொ' என்பதை க-வோடு ஒற்றைக் குறியாகவும் தட்டலாம், க-வோடு ஒற்றைக் கொம்பும் காலும் தனித்தனியாகச் சேர்த்தும் தட்டலாம். கண்ணுக்கு இரண்டும் ஒன்று, கணினிக்கு வேறு வேறு. 'ஸ்ரீ' இன்னும் மோசம். ஸ-வை வைத்தும் எழுதலாம், 2005-ல் யூனிகோடில் சேர்ந்த ஶ-வை வைத்தும் எழுதலாம், பல எழுத்துருக்களில் வித்தியாசமே தெரியாது. மாப்பிள்ளை பெயர் ஸ்ரீயில் ஆரம்பித்து, வீடியோவுக்கு ஒருவர், சப்டைட்டிலுக்கு ஒருவர் பெயர் வைத்திருந்தால் பொருந்தாது. தட்டிப் பார்த்து ஒப்பிடாதீர்கள். வீடியோவின் பெயரைக் காப்பி செய்து எஸ்ஆர்டிக்கு அப்படியே ஒட்டுங்கள்.

நீளத்திலும் ஒரு எல்லை. ஆண்ட்ராய்டு, லினக்ஸ் வகையறாவில் ஒரு பெயருக்கு 255 பைட்தான் இடம். ஒரு தமிழ்க் குறிக்கு 3 பைட், 'கொ' போன்ற உயிர்மெய்க்கு 6. 'சீமந்தம், வளைகாப்பு, அத்தை வீட்டு மொட்டை மாடியில் எடுத்தது' என்று நீட்டிக்கொண்டே போனால் விண்டோஸ் வாங்கிக்கொள்ளும், போன் மறுத்துவிடும். டிவிக்குப் போகும் கோப்பாக இருந்தால் பெயரை ஆங்கில எழுத்தில் சுருக்கமாக வைப்பதே என் பழக்கம். தமிழ்ப் பற்று சப்டைட்டிலுக்கு உள்ளே இருந்தால் போதும்.

பெயரும் சரி, இன்னும் வரவில்லையா? கோப்பை நோட்பேடில் திறங்கள். இப்படித்தான் இருக்க வேண்டும்:

12
00:01:05,200 --> 00:01:08,000
அம்மா, பூ வாங்கிட்டு வந்துட்டேன்.

வினாடிக்குப் பின்னால் இருப்பது காற்புள்ளி. புள்ளி என்றால் அது விடிடி வகை, எல்லா டிவியும் எடுக்காது. வசனத்துக்கும் அடுத்த எண்ணுக்கும் நடுவே ஒரு வெற்று வரி கட்டாயம், இல்லையென்றால் இரண்டு வசனம் ஒட்டிக்கொண்டு வரும், அடுத்த எண்ணும் சேர்ந்து திரையில் தெரியும்.

"தமிழ் வரவேண்டிய இடத்தில் என்னவோ வருகிறது"

'என்னவோ' என்பதை உற்றுப் பாருங்கள். அதன் முகமே காரணத்தைச் சொல்லிவிடும்.

தலையில் சாய்கோடு போட்ட சின்ன ஆங்கில 'ஏ', உடனே வட்டத்துக்குள் 'ஆர்', மறுபடி அதே 'ஏ', அதே வட்ட 'ஆர்' என்று திரும்பத் திரும்ப வருகிறதா? நல்ல செய்தி. கோப்பு ஒழுங்கான யுடிஎஃப்-8 தமிழ். ஒவ்வொரு தமிழ்க் குறியும் மூன்று பைட்டாக எழுதப்பட்டிருக்கிறது, பிளேயர் அந்த மூன்றையும் மூன்று ஐரோப்பிய எழுத்தாகப் படிக்கிறது. விஎல்சியில் டூல்ஸ், பிரிஃபரன்ஸஸ், சப்டைட்டில்ஸ் போய் டீஃபால்ட் என்கோடிங்கை யுடிஎஃப்-8 ஆக்கி, சேமித்து, மூடித் திறங்கள். டிவியாக இருந்தால் நோட்பேடில் 'சேவ் ஆஸ்' போய், கீழே என்கோடிங்கில் 'யுடிஎஃப்-8 வித் பாம்' தேர்ந்து சேமியுங்கள். இது கோப்பின் தொடக்கத்தில் ஒரு சின்ன முத்திரை வைக்கும், பல டிவிகள் அதைப் பார்த்துத்தான் யுடிஎஃப்-8 என்று புரிந்துகொள்ளும்.

வரிசையாகக் கேள்விக்குறிகள் என்றால் கெட்ட செய்தி. யாரோ கோப்பை ஆன்சி என்ற, தமிழுக்கு இடமில்லாத பழைய குறியீட்டில் சேமித்திருக்கிறார்கள், தமிழ் எழுத்துகள் அப்போதே தொலைந்துவிட்டன. எந்த மென்பொருளும் கேள்விக்குறியிலிருந்து 'அம்மா'வைத் திரும்ப எடுக்காது. அனுப்பியவரிடம் மூலக் கோப்பைக் கேளுங்கள். பழைய விண்டோஸ் நோட்பேடின் இயல்பு ஆன்சியாக இருந்தது, விண்டோஸ் 10-ன் 1903 பதிப்பிலிருந்து யுடிஎஃப்-8.

கட்டம் கட்டமாக வந்தால் எழுத்துகள் பத்திரம், அவற்றைக் காட்ட எழுத்துரு இல்லை. விஎல்சியின் அதே பக்கத்தில் எழுத்துருவை நிர்மலா யுஐ அல்லது நோட்டோ சான்ஸ் டமில் என்று மாற்றுங்கள். டிவி கட்டம் காட்டினால் பெரும்பாலும் செய்வதற்கு ஒன்றுமில்லை, அடுத்த பகுதியில் உள்ள வழிதான்.

இன்னொரு வகை, 'தமிழ்' வரவேண்டிய இடத்தில் ஜே, கே, பி, ஓ, அப்புறம் ஒரு அரைப்புள்ளி. இது பாமினி என்ற பழைய தமிழ் எழுத்துரு. டிடிபி பழகிய ஒருவர் வசனத்தைத் தட்டித் தந்திருக்கிறார். அவர் கணினியில் அந்த எழுத்துரு இருந்ததால் அழகான தமிழாகத் தெரிந்தது. பாமினியிலிருந்து யூனிகோடுக்கு மாற்றும் கருவிகள் இலவசமாக நிறையக் கிடைக்கின்றன. ஆனால் முழு எஸ்ஆர்டியையும் அதில் கொட்டாதீர்கள், நேரக் குறிகளில் உள்ள அடையாளங்களையும் தமிழாக்கி வைத்துவிடும். வசன வரிகளை மட்டும் பிரித்து மாற்றிச் சேருங்கள். ரொம்பப் பழைய ஸ்கிரிப்டாக இருந்தால் பாமினியாகவும் இருக்காது, டிஸ்கி, டாம், டாப் என்று வேறு குறியீடாக இருக்கும். 1999-ல் சென்னையில் நடந்த தமிழ்நெட் 99 மாநாட்டை ஒட்டி டாம், டாப் இரண்டும் தமிழக அரசின் தரங்களாயின. யூனிகோடை அரசுத் தரமாக அறிவித்தது 2010-ல்தான். நடுவில் தட்டியதெல்லாம் எந்தக் குறியீட்டில் இருக்கும் என்று, தட்டியவரைக் கேட்டால் ஒழிய உறுதியாகத் தெரியாது. மாற்றியில் ஒவ்வொன்றாகக் கொடுத்துப் பாருங்கள், சரியானது எது என்பது முதல் வரியிலேயே தெரிந்துவிடும்.

"தமிழ் வருகிறது, ஆனால் கொம்பு இடம் மாறி நிற்கிறது"

'மெதுவா' என்பதில் ம முன்னால் வந்து, கொம்பு அதன் பின்னால், ஒரு புள்ளி வட்டத்தோடு. கோப்பில் தப்பே இல்லை. யூனிகோடில் மெய்க்குப் பின்னால்தான் கொம்பு சேமிக்கப்படும், அதை இடது பக்கம் கொண்டுபோய் நிறுத்துவது காட்டுகிற கருவியின் வேலை. அந்த வேலையை உங்கள் டிவி செய்யவில்லை. சிலர் டிவிக்காகக் கொம்பை முன்னால் தட்டிச் சரிக்கட்டுவார்கள். தயவுசெய்து வேண்டாம், அந்தக் கோப்பு வேறு எங்கும் பயன்படாமல் போகும்.

வழி, சப்டைட்டிலைப் படத்திலேயே பதித்துவிடுவது. ஹேண்ட்பிரேக்கின் சப்டைட்டில்ஸ் பகுதியில் எஸ்ஆர்டியைச் சேர்த்து, எழுத்துத் தொகுப்பு யுடிஎஃப்-8 என்று உறுதி செய்து, 'பர்ன் இன்' டிக் செய்யுங்கள். கணினி எழுத்தைச் சரியாகக் கோர்த்துப் படமாக்கிவிடும், டிவிக்கு அது வெறும் படம். திரும்ப எடுக்க முடியாது என்பதால் பதிக்காத பிரதியையும் வைத்துக்கொள்ளுங்கள். குறும்பட விழாவுக்கு அனுப்புவதானால் அங்கே என்ன பிளேயர் இருக்கும் என்று தெரியாத வரை நான் பதித்ததைத்தான் அனுப்பச் சொல்வேன்.

போகிற போக்கில்: தமிழைச் சாய்வெழுத்தில் போடாதீர்கள். பல எழுத்துருக்களில் உண்மையான சாய்வு கிடையாது, நேரெழுத்தைப் பிடித்து வளைக்கும், 'ண', 'ன' வித்தியாசம் தூரத்திலிருந்து தெரியாது. 'சப்டைட்டில் எடிட்' என்ற மென்பொருள் 'வரி நீளம்' என்று சிவப்பில் எச்சரித்தாலும் உடனே வெட்டாதீர்கள். 'கொண்டாட்டம்' நமக்கு 6 எழுத்து, அதற்கு 11 குறி. இரண்டு வரிக்குள் அடங்கி, வாய்விட்டுப் படித்தால் நேரத்துக்குள் முடிகிறதா என்று பாருங்கள், அதுதான் அளவுகோல்.

"வசனம் ஒரு பக்கம், சப்டைட்டில் ஒரு பக்கம்"

மூன்று விதமாக விலகும், மூன்றுக்கும் மருந்து வேறு. ஐந்தாவது நிமிடத்தில் எவ்வளவு விலகல், இடைவேளைக்கு முன் எவ்வளவு, பின் எவ்வளவு, கடைசியில் எவ்வளவு என்று காகிதத்தில் எழுதிக்கொண்டு வாருங்கள்.

எல்லா இடத்திலும் ஒரே அளவு என்றால் சுலபம். தொடக்கத்தில் தணிக்கைச் சான்றிதழோ, புகைபிடிக்காதே என்ற எச்சரிக்கையோ ஒரு பிரதியில் இருந்து இன்னொன்றில் இல்லை. விஎல்சியில் ஜி, எச் விசைகள் தட்டுக்கு 50 மில்லிவினாடி நகர்த்தும், எவ்வளவு வேண்டும் என்று அதில் கண்டுபிடியுங்கள். பிறகு சப்டைட்டில் எடிட்டில் சிங்க்ரனைசேஷன் மெனுவில் 'அட்ஜஸ்ட் ஆல் டைம்ஸ்' போய் நிரந்தரமாக்குங்கள்.

இடைவேளை வரை சரி, அப்புறம் மட்டும் விலகல் என்றால் அது நம் ஊர்ப் படத்துக்கே உரியது. தியேட்டர் பிரதியில் 'இடைவேளை' என்று நிற்கும் சில வினாடிகள் வேறு பிரதியில் வெட்டப்பட்டிருக்கும். அதே 'அட்ஜஸ்ட்' பெட்டியில், தேர்ந்த வரியும் அதற்குப் பின்னுள்ளவையும் என்ற தேர்வு உண்டு. இடைவேளைக்குப் பின் வரும் முதல் வசனத்தில் கர்சரை வைத்து நகர்த்துங்கள். பாட்டு வெட்டப்பட்ட டிவி பிரதி என்றால் ஒவ்வொரு பாட்டுக்கும் இதே வேலை.

கொஞ்சம் கொஞ்சமாக விலகிக்கொண்டே போனால் ஃபிரேம் ரேட். கணக்கு இதுதான். இரண்டரை மணி நேரப் படத்தின் முடிவில் விலகல் சுமார் 9 வினாடி என்றால் 23.976-க்கும் 24-க்கும் உள்ள வித்தியாசம். சுமார் 6 நிமிடம் என்றால் 24-க்கும் 25-க்கும். சினிமா நொடிக்கு 24 படம், பால் டிவிடிக்காக அதை 25-ல் வேகமாக ஓட்டிப் பதிந்திருப்பார்கள், படமே 144 நிமிடத்தில் முடிந்திருக்கும். அந்த டிவிடியின் சப்டைட்டிலை 24 படப் பிரதியில் போட்டால் வசனத்துக்கு முன்னால் சப்டைட்டில் ஓடும். 'சேஞ்ச் ஃபிரேம் ரேட்' போய் 25-லிருந்து 24 என்று கொடுங்கள். விலகல் இந்த இரண்டு கணக்கிலும் சிக்கவில்லையென்றால் 'விஷுவல் சிங்க்' எடுத்து, தொடக்கத்தில் ஒரு வசனம், கடைசியில் ஒரு வசனம் பொருத்துங்கள், நடுவில் உள்ளதை அதுவே பங்கிட்டுக்கொள்ளும்.

சப்டைட்டில் சரி, ஆனால் போனில் எடுத்த வீடியோவை எடிட் செய்ததும் வாயும் சத்தமும் விலகுகின்றன என்றால் அது வேறு நோய். வெளிச்சத்துக்கு ஏற்ப போன் ஃபிரேம் ரேட்டை ஏற்றி இறக்கிப் பதியும், மீடியாஇன்ஃபோவில் 'வேரியபிள்' என்று இருக்கும். எடிட்டிங்கில் போடுவதற்கு முன்பே ஹேண்ட்பிரேக்கில் 'கான்ஸ்டன்ட் ஃபிரேம் ரேட்' கொடுத்து மாற்றிக்கொள்ளுங்கள். எடிட் முடித்த பிறகு சரிசெய்யப் போனால் நாள் முழுக்கப் போய்விடும்.

வேறு வழியே இல்லை, கன்வெர்ட்தான் என்றால்

ஹேண்ட்பிரேக்கில் எம்பி4, எச்.264, 8 பிட், ஆடியோ ஏஏசி. எந்தப் பழைய டிவியும் இதை மறுப்பது அபூர்வம். தரத்துக்கு 'கான்ஸ்டன்ட் குவாலிட்டி' தேர்ந்து, ஆர்எஃப் எண்ணை டிவிடி அளவுப் படத்துக்கு 18 முதல் 22 வரையும், 1080-க்கு 20 முதல் 24 வரையும் வையுங்கள். எண் குறையக் குறையத் தரமும் கோப்பின் அளவும் கூடும். மூலமே மங்கல் என்றால் எண்ணை 10-க்கு இறக்கினாலும் தெளிவு வராது, கோப்பு மட்டும் பெருக்கும். ஏற்கெனவே கன்வெர்ட் ஆன கோப்பை மீண்டும் கன்வெர்ட் செய்யாதீர்கள், மூலத்திலிருந்தே எடுங்கள்.

முழுசையும் ஓட்டுவதற்கு முன் 'ரேஞ்ச்' என்ற இடத்தில் சாப்டர்களுக்குப் பதில் வினாடிகள் என்று மாற்றி, நடுவிலிருந்து ஒரு நிமிடத்தை மட்டும் எடுங்கள். ஆட்கள் நகர்கிற, சப்டைட்டில் இருக்கிற, மேளமோ பேச்சோ கேட்கிற நிமிடமாக இருக்கட்டும். அதைப் பென் டிரைவில் ஏற்றி, உங்கள் டிவியில் அல்ல, கேட்டவர் வீட்டு டிவியில் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். "ஓடுது தம்பி, ஆனா எழுத்து கொஞ்சம் சின்னதா இருக்கு" என்று போன் வந்தால் எழுத்தைப் பெரிதாக்கி, அப்புறம் இரவில் முழுசையும் ஓட விட்டுத் தூங்கப் போகலாம்.